பொத்தானம்மா அழுத படம்

எங்கள் தெருவில் வெளியூர் ஆள் யாராவது வந்து, அந்த மாடி ஜன்னலையே அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றால், என்ன விஷயம் என்று நான் கேட்பதே இல்லை. எல்லாம் அந்த ஒரே கதைதான்.

ஊமைப்படக் காலத்தில் ஒருத்தி நடிகர் ஒருவரின் காலைக் கட்டிக்கொண்டு நிஜமாகவே அழுதாளாம். அவர் கல்யாண ஆசை காட்டிக் கைவிட்டவராம். கேமரா ஓடுவதைக்கூட மறந்து, "நான்தான் பாவி, என்னை மன்னிச்சிடுங்க" என்று கதறினாளாம். அது அப்படியே படத்தில் விழுந்துவிட்டதாம். அன்றைக்கு உடைந்த மனசு ஒட்டவே இல்லையாம். அதனால்தான் கல்யாணமும் வேண்டாம், காட்சியும் வேண்டாம் என்று அந்த மாடியறையிலேயே கிடக்கிறாளாம்.

இத்தனை 'ஆம்' போட்டுக் கட்டிய கதை ஒரு மழைக்குத் தாங்காது என்றுதான் நினைத்தேன். எத்தனையோ மழை பார்த்துவிட்டது. போன வாரம் வந்த ஆள் கையில் பூங்கொத்து வேறு.

"அந்த அம்மா இப்பவும் அழுவாங்களா சார்?" என்று என்னிடம் ரகசியமாகக் கேட்டான்.

"அழுவாங்க. வெங்காயம் நறுக்கும்போது."

கோபித்துக்கொண்டு போய்விட்டான். இதையெல்லாம் கிளப்பிவிட்டது அந்த நடிகரேதான். இப்போது படங்கள் பேச ஆரம்பித்துவிட்டன அல்லவா? அவருடைய குரல் அவருடைய மீசைக்குப் பொருந்தவில்லை என்று கம்பெனிகள் ஒதுக்கிவிட்டன. வேலை இல்லாதவருக்குப் பழைய பெருமைதானே துணை? ஒரு பத்திரிகையில் பெருமூச்சு விட்டிருக்கிறார், "சில கண்ணீர்த் துளிகள் நடிப்பில் சேராது" என்று.

நான் அந்த ஜன்னலுக்கு நேர் எதிரே சைக்கிள் கடை வைத்திருப்பவன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடம் என்னை விட்டது, நான் அதை விட்டேன். ஆனால் கண்ணும் காதும் நன்றாக வேலை செய்யும். நடந்தது என்ன என்று நான் சொல்கிறேன். கொஞ்சம் கை கால் வைத்துச் சொல்வேன், அது என் பிறவிக் குணம். உடம்பு அசல்.

அந்த அம்மாவை எல்லோரும் பொத்தானம்மா என்றுதான் கூப்பிடுவோம். படக் கம்பெனியில் உடை தைக்கிற வேலை. எப்போது பார்த்தாலும் சட்டை முன்பக்கத்தில் ஊசிகள் வரிசையாகக் குத்தியிருக்கும், பையில் பொத்தான்கள் கலகலக்கும். அப்பா அம்மா இல்லை. சொந்தமென்று ஒரு தையல் மிஷின், அது நிற்பதற்கு அந்த மாடியறை. அறை சின்னதுதான். ஆனால் அந்த ஜன்னல் இருக்கிறதே, காலை முதல் பொழுது சாயும் வரை வெளிச்சம் கொட்டும். கறுப்புத் துணியில் கறுப்பு நூல் கோக்க அப்படி ஒரு ஜன்னல் கிடைக்க வேண்டுமே! அவள் சம்பாத்தியமே அந்த ஜன்னலில்தான் இருந்தது.

கம்பெனி விஷயம் எதைக் கேட்டாலும் சொல்வாள். எனக்கும் கேட்காவிட்டால் சோறு இறங்காது. படத்தில் வெள்ளை உடை வெள்ளையாகத் தெரிய வேண்டுமென்றால் துணியைத் தேயிலைத் தண்ணீரில் முக்கி எடுக்க வேண்டுமாம். நிஜ வெள்ளை போட்டால் கண்ணைப் பறித்து முகமே தெரியாதாம்.

"அப்போ பத்தினி வேஷத்துக்கெல்லாம் டீக்கறையா?" என்றேன்.

"ஆமாண்ணே. கறை எவ்வளவுக்கு எவ்வளவு அழுத்தமோ, அவ்வளவுக்கு அவ்வளவு பத்தினி."

அந்தக் கம்பெனி எடுத்த படங்களில் பாதி ஒரே கதைதான். ஏழைப் பெண் ஒருத்தி. பணக்கார வீட்டு ஆண்பிள்ளை ஒருத்தன், வீட்டில் பெண்டாட்டி இருக்கும். அவன் இவளைத் தேடி வருவான், இனிக்க இனிக்கப் பேசுவான், காரியம் முடிந்ததும் போய்விடுவான். அவள் மழையில் நனைந்துகொண்டு அவன் வாசலில் விழுந்து மன்னிப்புக் கேட்பாள். பிறகு ஆற்றில் விழுந்து சாவாள். அவள் போர்த்தியிருந்த துணி தண்ணீரில் மிதக்கும். அதைப் பார்த்து அவன் ஒரு சொட்டுக் கண்ணீர் விடுவான். பெண்டாட்டி அதைத் துடைப்பாள். சூரியன் உதிக்கும். சுபம்.

மற்றவர்கள் கதையைப் பார்ப்பார்கள், பொத்தானம்மா துணியைப் பார்ப்பாள். "அந்தப் பொண்ணுக்கு மூணு உடுப்பு தைக்கணும்ணே. நல்லவளா இருக்கும்போது கழுத்து வரைக்கும் பொத்தான். மனசு ஆடும்போது மேல ரெண்டு பொத்தான் இருக்கக் கூடாது. கெட்டுப்போனப்புறம் கிழிசல். அந்த ஆளுக்கு மொதல்லேருந்து கடைசி வரைக்கும் ஒரே கோட்டுதான். நடுவுல ஒரு தடவ தூசி தட்டிக் குடுத்தா போதும்."

தைப்பதற்கு அளவு பொம்மை எதுவும் அங்கே கிடையாது. கெட்டுப்போகிறவள் உடையை எல்லாம் பொத்தானம்மா தன் உடம்பில் வைத்துத்தான் அளந்து தைப்பாள். வினை அங்கேதான் வந்தது.

ஒரு படத்தில் அந்த வேஷத்துக்குப் பேசிவைத்திருந்த பெண் வரவில்லை. என்ன வேஷம் என்று அவள் அப்பாவுக்குத் தெரிந்துபோய், வீட்டைப் பூட்டிச் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாராம். கம்பெனியின் பெரிய நடிகை மனைவி வேஷம் மட்டும்தான் கட்டுவாள். மற்றது என்றால் காறித் துப்புவாள். வெயிலோ போய்க்கொண்டிருக்கிறது. அப்போதெல்லாம் வெயிலை நம்பித்தான் படம். டைரக்டர் தொப்பியைக் கழற்றி எறிந்துவிட்டு, "இந்த உடுப்பு யாருக்கு சரியா இருக்கும்?" என்று கத்தினார். அத்தனை பேரும் பொத்தானம்மாவைத் திரும்பிப் பார்த்தார்கள்.

"ஐயோ, எனக்கு நடிக்கத் தெரியாதுங்க."

"சாகத் தெரியுமில்ல? அது போதும்."

அவளும் போய் நின்றாள். நாயகன்தான் அந்த மீசைக்காரர். முழங்கால் வரை பூட்ஸ், குதிரையே இல்லாத குதிரைவீரர். வாசலில் விழுகிற காட்சி. பொத்தானம்மா கீழே உட்கார்ந்துகொண்டே ஒரு கேள்வி கேட்டாள், எனக்கு மிகவும் பிடித்த கேள்வி.

"சார், வீடு தேடி வந்தது அவரு. ஆசை காட்டுனது அவரு. நான் எதுக்கு மன்னிப்பு கேக்கணும்?"

டைரக்டர் ஏற இறங்கப் பார்த்தார். "பொம்பள தப்பு பண்ணா சாகணும். ஆம்பள தப்பு பண்ணா வருத்தப்படணும். ஜனங்க அதுக்குத்தான் டிக்கெட் வாங்குறாங்க."

"சரி, என்ன பேசணும்?"

"எதையாவது பேசு. வாய் அசைஞ்சா போதும். என்ன பேசினேன்னு அப்புறம் நாங்க அட்டையில எழுதிக்கிறோம்."

ஊமைப்படம் பார்க்காத சின்னப் பிள்ளைகளுக்காகச் சொல்கிறேன். வாய் அசையும், சத்தம் வராது. நடுநடுவே திரையில் ஓர் அட்டை வரும், அதில் எழுதியிருப்பதுதான் பேச்சு. பேசுகிறவர் ஒருவர், எழுதுகிறவர் வேறொருவர்.

கேமராவின் கைப்பிடியைச் சுழற்ற ஆரம்பித்தார்கள். மேலிருந்து வாளி வாளியாக மழை. பொத்தானம்மா குப்புற விழுந்தாள். பிறகு தலையைத் தூக்கினாள். கண்ணீர் தாரை தாரையாகக் கொட்டியது, வாய் துடித்தது, ஒரு கையால் மீசைக்காரரின் காலைப் பிடித்து உலுக்கினாள். மீசைக்காரர் வானத்தைப் பார்த்தபடி மலை மாதிரி நின்றார். டைரக்டரே மூக்கைச் சிந்தினாராம். காட்சி முடிந்ததும் எல்லோரும் கைதட்டினார்கள். பொத்தானம்மா உள்ளே போனாள். அன்றைக்கு வீட்டுக்கு வரும்போது வலது கையில் துணி சுற்றியிருந்தது. கேட்டதற்கு, "நசுங்கிடுச்சு" என்றாள். தையல்காரிக்குக் கை நசுங்குவது புதுசா என்று நானும் விட்டுவிட்டேன். நான் ஒரு விஷயத்தைத் தோண்டாமல் விட்டது என் ஆயுசில் அது ஒன்றுதான். கொஞ்ச நாள் ஊசி பிடிக்க முடியாமல் இருந்தாள்.

படம் வெளியே வந்தது. அந்தக் காட்சியில் வந்த அட்டை இது: "பிரபுவே! குற்றம் முழுவதும் என்னுடையதே! தங்கள் நல்ல மனத்தைக் கெடுத்த பாவி நான்! மன்னியுங்கள்!" கொட்டகையே தேம்பியது. எங்கள் தெருவில் பார்க்காத ஆள் இல்லை. பொத்தானம்மாவின் வீட்டுக்காரர், அதாவது அவள் குடியிருந்த வீட்டின் சொந்தக்காரர், நாலு தடவை பார்த்தார். நாலாவது தடவை எதற்கு என்று பெண்டாட்டி கேட்டதற்கு, "நீதி நல்லா இருக்கு" என்றாராம்.

அப்போதுதான் அந்தப் பேச்சு கிளம்பியது. இத்தனை கண்ணீர் நடிப்பில் வருமா? தையல்காரிக்கு நடிப்பு ஏது? அப்படியானால் நிஜம். நிஜம் என்றால் அவளுக்கும் மீசைக்காரருக்கும்... மீசைக்காரரிடம் கேட்டார்கள். அவர் இல்லை என்று சொல்லவில்லை. மீசையைத் தடவிக்கொண்டு ஒரு புன்னகை. ஒரு புன்னகைக்கு எங்கள் தெருவில் எத்தனை அர்த்தம் கற்பிப்பார்கள் என்று உங்களுக்குத் தெரியாது.

பொத்தானம்மா தெருவில் நடந்தால் ஜன்னல்கள் மூடின. குழாயடியில் பெண்கள் குடத்தை நகர்த்திக்கொண்டார்கள். அதே வாரம் தெருப் படிப்பகத்தின் ஆண்டு விழாவுக்குச் சிறப்பு விருந்தாளியாக யாரைக் கூப்பிடலாம் என்று பேச்சு வந்தது. வேறு யார்? மீசைக்காரரைத்தான்!

வீட்டுக்காரரின் கூடத்தில் கூட்டம் போட்டார்கள். பாய் விரித்து, தண்ணீர்ச் சொம்பு வைத்து, படிப்பகத் தலைவர் நடுவில் உட்கார்ந்தார். முதல் தீர்மானம், விருந்தாளிக்கு மாலையும் கைக்கடிகாரமும். இரண்டாவது தீர்மானம், மாடியில் இருப்பவளைக் காலி செய்யச் சொல்வது. முதல் தீர்மானத்துக்குத் தட்டிய கையைக் கீழே போடாமலே இரண்டாவதற்கும் தட்டினார்கள்.

நான் கதவோரமாக நின்றிருந்தேன். சும்மா இருக்க வாய் விடவில்லை. "ஏன் தலைவரே, கதைப்படி பாத்தா ரெண்டு பேரும் சேந்துதானே தப்பு பண்ணாங்க? ஒருத்தருக்கு மாலை, ஒருத்தருக்குத் தெருவா?"

"நீ சைக்கிளுக்குக் காத்து அடிக்கிற வேலைய மட்டும் பாரு" என்றார் தலைவர்.

வீட்டுக்காரம்மா மாடிப்படியில் நின்றபடி பொத்தானம்மாவைக் கூப்பிட்டுச் சொன்னாள். "எனக்கு ஒண்ணும் இல்லம்மா. நாலு பேரு நாலு விதமா பேசுறாங்க. மாசக் கடைசிக்குள்ள வேற எடம் பாத்துக்கோ."

"வேற எடம் யாரு தருவா அக்கா?" என்றாள் பொத்தானம்மா.

யாரும் தரமாட்டார்கள் என்பது அந்தக் கூடத்தில் இருந்த எல்லோருக்கும் தெரியும். ஜன்னல் போனால் மிஷின் போகும், மிஷின் போனால் அவள் எங்கே போவாள் என்று எனக்கே புரியவில்லை. அவள் மறுபடி ஏதோ சொல்ல வாயெடுத்தாள். "நான் அங்க மன்னிப்பு எதுவும் கேக்கல..." தலைவர் கையை உயர்த்திவிட்டார். "அட்டையில போட்டிருக்கே அம்மா. எழுத்தே சாட்சி."

அப்போது கூடத்து மூலையிலிருந்து ஒரு சிரிப்பு. வீட்டுக்காரரின் அக்கா. பத்து வயதில் காய்ச்சல் கண்டு காது முழுதாகப் போனவர். பேச்சு மட்டும் தங்கிவிட்டது. ஆனால் தன் குரல் தனக்குக் கேட்காததால், ரகசியம் சொன்னாலும் தெருக்கோடியில் கேட்கும். எதிரில் இருப்பவர் வாயைப் பார்த்தே பேச்சைப் படித்துவிடுவார். தெருவே அவரை அத்தை என்று கூப்பிடும். ஊமைப்படம் என்றால் அத்தைக்கு உயிர். "அங்க மட்டுந்தான் எல்லாரும் என்ன மாதிரி" என்பார். முழங்கால் வலியில் கொஞ்ச நாள் போகாமல் இருந்தவர் அன்று மத்தியானம்தான் அந்தப் படத்தைப் பார்த்துவிட்டு வந்திருந்தார்.

"என்ன அண்ணி, எதுக்கு சிரிக்கிறீங்க?" என்று வீட்டுக்காரம்மா அவர் எதிரே போய் நின்று கேட்டாள்.

"நீங்கள்லாம் அட்டையப் படிச்சீங்க" என்றார் அத்தை, வீடு அதிர. "நான் வாயப் பாத்தேன். இந்தப் பொண்ணு எங்க மன்னிப்பு கேட்டா? அந்த ஆளு பூட்ஸு காலால இவ விரல மிதிச்சுட்டு நிக்கிறான். காலை எடுங்க, காலை எடுங்கன்னு கத்துறா!"

எல்லோருடைய பார்வையும் பொத்தானம்மாவின் வலது கைக்குப் போயிற்று. மூன்று விரல் நகங்கள் இன்னும் கறுப்பாக இருந்தன. எனக்கோ உள்ளுக்குள் குறுகுறுவென்றது. அப்படியா, அப்படியா என்று மனசு குதித்தது. கையில் துணி சுற்றி வந்தவளை எதிரில் பார்த்தும் கோட்டைவிட்ட மடையன் நான்.

தலைவர் கனைத்துக்கொண்டார். "காது கேக்காதவங்க சொல்றத வெச்சு..."

அத்தை அவர் வாயைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். "காது கேக்காதுதான். கண்ணு அவிஞ்சு போகல. நாளைக்கு மத்தியான ஆட்டத்துக்கு வாங்க, காட்டுறேன்."

போனோம். மொத்தத் தெருவும் போனோம். பொத்தானம்மாவும் வந்தாள், கடைசி வரிசையில், கையை மடியில் மறைத்துக்கொண்டு. அத்தை நட்ட நடுவில் உட்கார்ந்தார். அந்த வாசல் காட்சி வந்தது. அட்டை, "பிரபுவே! குற்றம் முழுவதும் என்னுடையதே!" என்றது. பியானோக்காரர் சோகமாக ஒன்றை வாசித்தார். முன்வரிசையில் கைக்குட்டைகள் வெளியே வந்தன. அத்தை எங்களுக்கு மட்டும் காதோடு காதாகச் சொல்வதாக நினைத்துக்கொண்டு முழங்கினார்:

"காலை எடுங்க! கை நசுங்குது! காலை எடுங்க!"

கொட்டகை திரும்பிப் பார்த்தது. பிறகு திரையைப் பார்த்தது. ஒரு தடவை சொல்லிவிட்டால் அப்புறம் வேறு மாதிரி பார்க்கவே முடியாது. அந்த உதடுகள் அதைத்தான் சொல்லின. கட்டிப்பிடித்து உருகுவதாக நாங்கள் நினைத்த கை, பூட்ஸைப் பிடித்துத் தள்ளிக்கொண்டிருந்தது. யாரோ ஒருவர் கக்கென்று சிரித்தார்.

அடுத்தது மீசைக்காரர். வானத்தைப் பார்க்கிறார். அட்டை: "இறைவா! என் இதயம் கல்லோ?" அத்தை: "வெயிலு போகுது, சீக்கிரம் முடிங்க. சாப்பாடு வந்தாச்சா?"

கொட்டகை வெடித்தது. ஆறு வந்தது, துணி மிதந்தது, மீசைக்காரர் ஒரு சொட்டு விட்டார், மனைவி வந்து அவர் கண்ணைத் துடைத்தாள். அட்டை: "நாதா! தங்கள் தூய உள்ளத்தை நான் அறிவேன்." அத்தை: "சுருட்டு நாத்தம் தாங்கல, அந்தப் பக்கம் திரும்புங்க." பியானோக்காரர் வாசிப்பதை விட்டுவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டார். நான் திரும்பிக் கடைசி வரிசையைப் பார்த்தேன். பொத்தானம்மா சிரிக்கவில்லை. மடியிலிருந்த கையை எடுத்து முன் நாற்காலியின் முதுகில் எல்லோரும் பார்க்க வைத்துக்கொண்டு, நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள்.

அதற்குப் பிறகு எங்கள் ஊர்க் கொட்டகையில் அது சிரிப்புப் படமாகிவிட்டது. ஜனங்கள் தாங்களே சேர்ந்து கத்தினார்கள். ஆண்டு விழாவுக்கு மீசைக்காரர் வரவில்லை, உடம்பு சரியில்லையாம். கைக்கடிகாரத்தைத் தலைவரே கட்டிக்கொண்டார்.

கம்பெனி என்ன செய்தது தெரியுமா? பொத்தானம்மாவை வேலையை விட்டு நிறுத்தியது. படம் எடுக்கும்போது கண்டதைப் பேசிக் காட்சியைக் கெடுத்தாளாம். விரலை மிதித்தவருக்கு அடுத்த படத்தில் இரட்டை வேஷம். ரெண்டு வேஷத்துக்கும் அதே கோட்டுதான் என்று நினைக்கிறேன்.

மாசக் கடைசி வந்தது. பொத்தானம்மா மிஷினைத் துடைத்து, நூல்களைப் பெட்டியில் கட்டி வைத்துவிட்டு, படியிறங்கி வந்து வீட்டுக்காரம்மா எதிரில் நின்றாள். எதிரே நான் ஒரு டயரை அரைகுறையாக மாட்டிவிட்டு வேடிக்கை பார்த்துக்கொண்டிருந்தேன்.

"எங்கம்மா கெளம்பிட்ட?"

"மாசக் கடைசின்னு சொன்னீங்களே அக்கா."

"சொன்னேன். எந்த மாசம்னு சொன்னேனா?"

வீட்டுக்காரர் ஏதோ சொல்ல வந்தார். பெண்டாட்டி திரும்பினாள். "நீங்க நாலு தடவ போயி நீதி பாத்தது போதும். உள்ள போங்க." போய்விட்டார். அன்றைக்கே வீட்டுக்காரம்மா தன் பழைய கவுன் ஒன்றைக் கொண்டு வந்து, இடுப்பில் கொஞ்சம் பிடிக்க வேண்டும் என்று மாடியில் கொடுத்தாள். அடுத்த வாரம் தலைவர் பெண்டாட்டி சட்டைத் துணி அனுப்பினாள், நேரில் வராமல். மன்னிப்பு என்று யாரும் வாய் திறந்து கேட்கவில்லை. எங்கள் தெருவில் அதைத் துணியாகத்தான் கொடுப்பார்கள். அந்தத் தையலில்தான் அவள் இன்றுவரை பிழைக்கிறாள். அவள் கல்யாணம் வேண்டாம் என்றதற்கு மீசை காரணமில்லை. வந்த மாப்பிள்ளைகள் எல்லாம் முதலில் மிஷின் என்ன விலை என்று கேட்டார்கள். அவ்வளவுதான்.

படம் மற்ற ஊர்களுக்குப் போனது. அங்கெல்லாம் அத்தை இல்லையே! அட்டை சொன்னதே நின்றுவிட்டது.

இதையெல்லாம் எழுதி முடித்து, போன ஞாயிற்றுக்கிழமை மாடிக்குப் போய்ப் படித்துக் காட்டினேன். அத்தை கட்டிலில் உட்கார்ந்து என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார். பொத்தானம்மா ஒரு கோட்டுக்குப் பொத்தான் வைத்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள்.

"எல்லாம் சரிதானேம்மா?" என்றேன்.

"ஒரு எடம் தப்பு."

கையிலிருந்த தாளைப் புரட்டினேன். "எதும்மா?"

"'காலை எடுங்க'ன்னு எழுதியிருக்கீங்க."

"அத்தை அப்படித்தானே சொன்னாங்க?"

அத்தை ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். தோள் மட்டும் குலுங்கியது.

"அத்தை நல்லவங்க. நாலு பேர் எதிர்ல சொல்லக் கூசிட்டாங்க" என்றாள் பொத்தானம்மா. நூலைப் பல்லால் கடித்துத் துண்டித்தாள். "காதலாம், பாவமாம், உடைஞ்ச மனசாம். உடைஞ்சது நகம். வலிச்சுது, அழுதேன். அவன்கிட்ட நான் மன்னிப்பும் கேக்கல, மரியாதையும் குடுக்கல. 'காலை எடுடா எருமை'ன்னேன். அப்படியே எழுதுங்க."